கணினியில் இடமும் விளையாட்டும்

கணினியின் தேக்ககம் நிறைந்துவிட்டது, புதிய கோப்பு எதற்கும் இனி இடமில்லை என்னும் அறிவித்தல் திரையிலே தோன்றுங்கால், அதனைக் காண்போர் பெரும்பாலும் ஒரே முடிவுக்கு வருகின்றனர். கடிதங்களை நீக்க மனம் வாராது. கணக்குக்களை நீக்க அச்சம் தடுக்கும். குடும்பத்தாரின் நிழற்படங்களை நீக்கவோ எவரும் துணியார். எஞ்சி நிற்பன விளையாட்டுக்கள். அவை அளவிற் பெரியன. பயனிற் சிறியன என்று கருதப்படுவன. ஆதலின் முதலில் வெளியேற்றப்படுவனவும் அவையே.

இச்செயல் சிறியதொரு வீட்டுக் கருமம்போலத் தோன்றினும், அதற்கு அறுபது ஆண்டுகளுக்கு மேற்பட்ட வரலாறு உளது. நீக்குதல் என்னும் சொல் ஒன்றேயாயினும் அதன் பொருள் காலந்தோறும் வேறுபட்டு வந்திருக்கின்றது. ஒரு காலத்தில் நீக்குதல் என்றால் நாடாவைச் சுருட்டிப் பேழையில் வைத்தல். பின்னொரு காலத்தில் அஃது இருந்ததை அடியோடு அழித்தல். இற்றைநாளிலோ அது பிறர் ஒருவருடைய களஞ்சியத்தை நம்பிக் கையிலுள்ளதை விடுதல். இம்மூன்றும் ஒன்றெனக் கொண்டவர்கள் திரும்பப் பெறற்கரிய பொருள்கள் சிலவற்றை இழந்துள்ளார்கள். அவ்வரலாற்றைச் சுருக்கமாக நோக்குதல் பயனுடையதாகும்.

கணினிகளில் இடம் எத்துணை அரிய பொருளாக இருந்தது என்பதற்கு 1956ஆம் ஆண்டிலே ஐ.பி.எம். நிறுவனம் வெளியிட்ட ரமாக் என்னும் பொறி சான்று பகரும். சுழலும் காந்தத் தட்டுக்களிலே செய்திகளைத் தேக்கிவைக்கும் முறையை வணிக உலகிற்கு அறிமுகஞ் செய்தது அதுவே. இருபத்துநான்கு அங்குல விட்டமுடைய 50 தட்டுக்கள் ஒன்றன்மேல் ஒன்றாக அதனுட் சுழன்றன. அதன் தட்டுத் தேக்ககம் மட்டும் ஒரு தொன்னுக்கு மேல் நிறையுடையது. இத்துணைப் பெரிய பொறி கொள்ளக்கூடியன 50 இலட்சம் எழுத்துக்கள் மாத்திரமே. இன்று கைத்தொலைபேசியில் எடுக்கப்படும் ஒரு நிழற்படம் ஏறக்குறைய அவ்வளவு இடத்தைத் தானே கொண்டுவிடும். மாதந்தோறும் ஆயிரக்கணக்கான டொலர் வாடகை கொடுத்து இப்பொறியைப் பெற்ற வணிகர்கள், அதில் ஒரு விளையாட்டை வைத்திருப்பதைக் கனவிலும் எண்ணியிரார்.

ஆயினும் விளையாட்டு வேறொரு வழியால் கணினியுட் புகுந்தது. 1961ஆம் ஆண்டிலே டிஜிற்றல் எக்குவிப்மென்ற் என்னும் நிறுவனம், தான் ஆக்கிய பி.டி.பி.-1 என்னும் கணினி ஒன்றை மசச்சூசெற்ஸ் தொழினுட்ப நிறுவகத்துக்கு அன்பளிப்பாக வழங்கியது. அங்கு ஸ்டீவ் ரசல் என்னும் இளைஞரும் அவருடைய நண்பர்களுங் கூடி 1962ஆம் ஆண்டிலே ஸ்பேஸ்வோர் என்னும் விளையாட்டை ஆக்கினர். விண்மீன்களுக்கிடையே இரு கலங்கள் ஒன்றையொன்று எதிர்த்துப் பொருவதாக அமைந்தது அது. பீற்றர் சாம்சன் என்பார் மெய்யான வானத்தின் விண்மீன்களையே கணித்து அதன் பின்புலமாக அமைத்தார். நடுவிலுள்ள விண்மீனின் ஈர்ப்பு விசையை டான் எட்வேட்ஸ் சேர்த்தார்.

அக்கணினியின் அடிப்படை நினைவகம் 4,096 சொற்கள்; ஒவ்வொரு சொல்லும் 18 பிற்றுக்கள் கொண்டது. இக்கால அளவையிற் கூறின் அது 9 கிலோபைற்று மாத்திரமே. விளையாட்டு, துளையிட்ட தாள் நாடாவிலே பொறிக்கப்பட்டிருந்தது. ஆட விரும்பியவர் நாடாவைப் பொறியுள் ஓட்டினார். ஆட்டம் முடிந்து வேறொருவர் தம்முடைய ஆராய்ச்சிக்குரிய நாடாவை ஓட்டியவுடனே விளையாட்டு நினைவகத்திலிருந்து மறைந்தது. அதனை நீக்குதற்கெனத் தனிமுயற்சி எதுவும் வேண்டப்படவில்லை. ஆனால் மறைந்தது பொறியில் நின்ற படியே. மூலமாகிய நாடா மேசைப் பேழையிலே பத்திரமாகக் கிடந்தது. எனவே இக்காலத்தில் இடத்தை விடுவித்தலும் பொருளைக் காத்தலும் ஒன்றுக்கொன்று பகையாயிருக்கவில்லை என்க.

பகை தோன்றியது அடுத்த காலப் பகுதியிலே. ஒரு பெருங் கணினியைப் பலர் ஒரே வேளையிற் பகிர்ந்து பயன்படுத்தும் முறை பல்கலைக்கழகங்களிலே பரவியது. மாணவர், ஆசிரியர், ஆராய்ச்சியாளர் யாவருடைய கோப்புக்களும் பொதுத் தட்டுக்களிலே தங்கலாயின. இடம் பொதுவுடைமை ஆகியது. பொதுவிடத்திலே யாருடைய பொருள் இருத்தல் வேண்டும், யாருடையது அகற்றப்படல் வேண்டும் என்னும் வினா அப்பொழுதே பிறந்தது. மாணவர் ஒருவர் கற்கைநெறியை முடித்துச் சென்றால் அவருடைய கணக்கும் மூடப்படும். அதனுட் கிடந்தவை யாவும் உடன் செல்லும்.

இவ்வாறு மறைந்ததாக நெடுங்காலம் கருதப்பட்ட ஆக்கங்களுள் ஒன்று வில் குரௌதர் என்பாருடையது. அவர் அமெரிக்காவிலே போல்ற் பெரனெக் அன்ட் நியூமன் என்னும் நிறுவனத்தில் நிரலாளராகப் பணியாற்றியவர். இன்றைய இணையத்துக்கு முன்னோடியாகிய ஆர்ப்பாநெற் வலையமைப்பை ஆக்கியவர்களுள் ஒருவர். குகைகளுட் சென்று ஆராய்வது அவருக்கும் அவர் மனைவி பற்றீசியாவுக்கும் பெருவிருப்பு. கென்ரக்கி மாநிலத்து மமத் குகைத் தொகுதியின் அளவைக் குறிப்புக்களைக் கணினியிலிட்டு வரைபடங்கள் ஆக்கியவரும் அவரே. பின்னர் மணவாழ்வு முறிந்தது. பிள்ளைகள் இருவரையும் பிரிந்து வாழ நேர்ந்த அத்தந்தை, அவர்கள் தம்மிடம் வருங்கால் ஆடி மகிழ்தற்பொருட்டு, தாம் நடந்து பழகிய குகையையே களமாகக் கொண்டு 1975, 1976ஆம் ஆண்டளவில் ஒரு விளையாட்டை எழுதினார். அதிலே படமில்லை, ஒலியில்லை. கணினி சொற்களால் இடத்தை வருணிக்கும். ஆடுபவர் சொற்களாலேயே கட்டளையிடுவார். அட்வென்சர் என்று அது பெயர்பெற்றது.

அவ்விளையாட்டு வலையமைப்பு வழியே கணினிக்குக் கணினி பரவியது. ஸ்டான்போட் பல்கலைக்கழகத்திலே பயின்ற டொன் வூட்ஸ் அதனைக் கண்டு, குரௌதரின் இசைவைப் பெற்று, 1977ஆம் ஆண்டிலே விரித்தெழுதினார். உலகெங்கும் புகழ்பெற்றது வூட்ஸின் விரிவே. குரௌதரின் மூலமோ காணாமற் போயிற்று. அதனால் வரலாற்றிலே ஒரு பிழை வேரூன்றியது. குரௌதர் எழுதியது மெய்யான குகையின் வெறும் வருணனையே. குறளர், மாயக்கோல், புதிர் முதலிய கற்பனைகள் யாவும் வூட்ஸ் பின்னர்ச் சேர்த்தவை என்று பலர் எழுதினர். மறுத்துரைப்பதற்கு மூலம் எவரிடத்தும் இருக்கவில்லை.

2005ஆம் ஆண்டிலே, வூட்ஸ் மாணவராயிருந்த காலத்துக் கணக்கு ஒன்றின் காப்புப்பிரதி ஸ்டான்போட்டிலே எஞ்சியிருந்தமை தெரியவந்தது. அதனுள்ளே குரௌதரின் மூலம் அப்படியே கிடந்தது. டெனிஸ் ஜேர்ஸ் என்னும் ஆங்கிலப் பேராசிரியர் அதனை ஆராய்ந்தார். குகை ஆராய்வோருடன் கென்ரக்கிக் குகைக்கே சென்று, விளையாட்டின் சொற்களைக் கல்லோடும் வழியோடும் ஒப்பிட்டுப் பார்த்தார். 2007ஆம் ஆண்டில் வெளிவந்த அவருடைய கட்டுரை இரண்டு உண்மைகளை நிலைநாட்டியது. குரௌதரின் வருணனை மெய்யான குகையோடு பெரிதும் பொருந்துகின்றது என்பது ஒன்று. கற்பனைக் கூறுகளும் புதிர்களும் அவருடைய மூலத்திலேயே இருந்தன என்பது மற்றொன்று. முப்பது ஆண்டுகளாக நிலவிய பிழை ஒரு பழைய காப்புப்பிரதியால் நீங்கியது. யாரோ ஒரு பணியாளர் தம்முடைய கடமையெனக் கருதி எடுத்துவைத்த பிரதி அது. அதிலே ஒரு விளையாட்டு இருக்கின்றது என்பதை அவர் அறிந்திருக்கவும் வேண்டியதில்லை.

பல்கலைக்கழகத்துப் பெருங் கணினியை விடுத்து வீட்டுக் கணினியை நோக்குவோமாயின், அங்கு இவ்வரலாறு மறுபடியும் தொடக்கத்திலிருந்து நிகழக் காணலாம். 1981ஆம் ஆண்டிலே ஐ.பி.எம். நிறுவனம் வெளியிட்ட தனியாட் கணினியில் வன்தட்டு இருக்கவில்லை. நெகிழ்வட்டு ஒன்று 160 கிலோபைற்றுக் கொண்டது. விளையாட்டு நெகிழ்வட்டிலேயே வாழ்ந்தது. வட்டை இட்டால் ஆட்டம், எடுத்தால் ஓய்வு. தாள் நாடாவுக்கும் மேசைப் பேழைக்கும் இருந்த தொடர்பு இங்கு வட்டுக்கும் அலுமாரிக்கும் இருந்தது. 1983ஆம் ஆண்டிலே வெளிவந்த எக்ஸ்.ரி. என்னும் கணினியோ 10 மெகாபைற்று வன்தட்டொன்றை உடன் கொண்டுவந்தது. அதன் பின்னரே விளையாட்டை வட்டிலிருந்து கணினியுட் பெயர்த்து நிறுவும் வழக்கம் மெல்ல மெல்லப் பொதுவாயிற்று. நிறுவுதல் பிறந்த அன்றே நிறுவியதை நீக்குதலும் பிறந்தது.

அக்காலத்தில் நீக்குவோர் கட்டளைகளைத் தாமே தட்டெழுதினர். ஒரு கோப்புறையுள் உள்ள கோப்புக்களை முதலில் நீக்கி, அதன் பின்னரே வெறுங் கோப்புறையை நீக்குதல் வேண்டும். கோப்புறையை அதனுள்ளிருந்தவற்றோடு ஒருங்கே அகற்றும் டெல்ற்ரீ என்னும் கட்டளையை 1993ஆம் ஆண்டிலே வந்த எம்.எஸ்.டொஸ் ஆறாம் பதிப்பே தந்தது. இடத்தின் அருமையை அதே பதிப்பு வேறொரு வகையாலும் புலப்படுத்தியது. தட்டிலுள்ளவற்றைச் சுருக்கி, இருந்த இடத்தைப் பெருக்கிக் காட்டும் டபிள்ஸ்பேஸ் என்னும் வசதி அதனோடு வழங்கப்பட்டது. சுருக்கும் முறையிலே தமக்குள்ள காப்புரிமை மீறப்பட்டதென ஸ்ராக் என்னும் நிறுவனம் மைக்ரோசொவ்ற் நிறுவனத்தின்மீது வழக்குத் தொடுத்தது. 1994ஆம் ஆண்டில் யூரிமார் 12 கோடி டொலர் இழப்பீடு வழங்குமாறு தீர்ப்பளித்தனர். சில மெகாபைற்று வெற்றிடத்துக்காக மக்கள் எவ்வளவு ஏங்கினர் என்பதற்கு இதனினும் சிறந்த சான்று வேண்டுமோ?

இவ்வேக்கத்தை வளர்த்தவற்றுள் விளையாட்டுக்களும் முன்னின்றன. 1993ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்திலே டூம் வெளிவந்தது. அதன் முதற் பகுதியை எவரும் இலவசமாகப் படியெடுத்துப் பரப்பலாம் என ஆக்கியோர் அனுமதித்தமையால், அலுவலகக் கணினிகளிலும் கல்லூரிக் கணினிகளிலும் அது நிறைந்தது. பணிக்குரிய இடத்தை விளையாட்டு உண்கின்றது என்னும் முறைப்பாடும் அதனோடு எழுந்தது.

பின்னர் விண்டோஸ் முறைமை வந்தபோது நீக்குதல் மேலுஞ் சிக்கலாயிற்று. ஒரு மென்பொருளின் பகுதிகள் ஒரே கோப்புறையில் அடங்கியிராது பல இடங்களிற் சிதறிக் கிடந்தன. சில பகுதிகளை வேறு மென்பொருள்களும் பகிர்ந்து பயன்படுத்தின. அறியாது ஒன்றை நீக்கினால் தொடர்பில்லாத மற்றொன்று இயங்காது நின்றது. இக்குறையைப் போக்குதற்பொருட்டு, 1995ஆம் ஆண்டு ஓகஸ்ற் மாதத்தில் வெளிவந்த விண்டோஸ் 95, நிறுவியவற்றை நிரைப்படுத்திக் காட்டி அங்கிருந்தே நீக்குதற்குரிய பகுதியொன்றைக் கொண்டிருந்தது. அம்முறைமைக்குரிய சின்னத்தைப் பொறிக்க விரும்பும் மென்பொருள், தன்னைத் தானே அகற்றும் வழியையும் தன்னுடன் கொண்டுவருதல் வேண்டும் என விதிக்கப்பட்டது. விருந்தினர் திரும்பிச் செல்லும் வழியையும் அறிந்தே வருதல் வேண்டும் என்பது போன்றதே இவ்விதி.

அவ்வழியும் எக்காலும் நேரிய வழியாய் அமைந்துவிடவில்லை. 1998ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்தில் பங்கி என்னும் நிறுவனம் மித் 2: சோல்பிளைற்றர் என்னும் விளையாட்டை வெளியிட முனைந்தபோது, அதன் நீக்கும் நிரலிலே கொடிய பிழையொன்று இருப்பது கண்டறியப்பட்டது. அந்நிரல், விளையாட்டுக்குரிய கோப்புக்களை எண்ணி எண்ணி நீக்காது, விளையாட்டு எக்கோப்புறையில் நிறுவப்பட்டதோ அதனை முழுவதும் அழித்தது. வழக்கமான இடத்தில் நிறுவியோர்க்கு இதனால் தீங்கில்லை. ஒருவர் தட்டின் வேரிடத்திலேயே நிறுவியிருப்பாராயின், விளையாட்டை நீக்க முற்படுங்கால் தட்டிலுள்ள யாவும் அழிந்துவிடும். நிறுவனத்தார் ஆக்கிய பிரதிகளை மீளப் பெற்று, பெருஞ் செலவையும் பொருட்படுத்தாது திருத்திய பதிப்பை வெளியிட்டனர். சிறிது இடம் வேண்டியவனுக்கு முழு இடத்தையும் வெறுமையாக்கிக் கொடுக்கும் கருவி, கருவியன்று, கேடு.

இங்கு ஒரு நுட்பம் கருதற்பாலது. கணினி ஒரு கோப்பை நீக்கியது என்று சொல்லும்போது, காந்தத் தட்டிலே அக்கோப்பு உடனே அழிவதில்லை. எம்.எஸ்.டொஸ் முறைமை, கோப்பின் பெயரிலுள்ள முதலெழுத்தை மாத்திரம் ஒரு குறியாக மாற்றி, அது கிடந்த இடம் வெற்றிடம் எனப் பதிந்துகொண்டது. உள்ளடக்கம் அங்கேயே கிடந்தது. 1991ஆம் ஆண்டின் ஐந்தாம் பதிப்பிலே நீக்கியதை மீட்கும் கட்டளையொன்று தரப்பட்டபோது, அது பயன்படுத்துவோரிடம் இழந்த முதலெழுத்து யாது என்று வினாவியது. எழுத்தைச் சொல்லக் கோப்பு மீண்டது. வேறொரு கோப்பு அவ்விடத்தின்மேல் எழுதப்பட்டபோதே பழையது மெய்யாக அழிந்தது. சுழலும் தட்டில்லாத இக்காலத் திண்மநிலைத் தேக்ககங்களிலோ, நீக்கப்பட்ட இடங்கள் எவை என முறைமை அறிவிக்கத் தேக்ககமே அவற்றைத் துடைத்துவிடுகின்றது. ஆதலின் மீட்பு முன்னையினும் அரிதாயிற்று.

இவ்வுண்மை ஏட்டுலகத்துக்கும் புதிதன்று. கிரேக்க அறிஞர் ஆர்க்கிமிடீசின் நூல்களைத் தாங்கிய தோலேடு ஒன்று 10ஆம் நூற்றாண்டிலே எழுதப்பட்டது. 13ஆம் நூற்றாண்டில், தோல் அரிதாயிருந்தமையால், அவ்வெழுத்துக்களைச் சுரண்டி நீக்கி அதன்மேல் வழிபாட்டு நூலொன்றை எழுதினர். எழுதியவர் தீயவரல்லர், அவருக்கு வேண்டியது இடம். கணித நூல் அவருக்குப் பயனற்றதாய்த் தோன்றியது. 1906ஆம் ஆண்டிலே ஹைபேர்க் என்னும் அறிஞர் அடியில் மங்கிக் கிடந்த எழுத்துக்களை அடையாளங் கண்டார். பின்னர், 1998ஆம் ஆண்டு ஏலத்தில் விலைபோன அவ்வேட்டை, பால்ற்றிமோரிலே அறிவியலாளர் பலநிற ஒளியாலும் ஊடுகதிராலும் ஆராய்ந்து மேலும் பல பகுதிகளைப் படித்தனர். வேறெங்கும் கிரேக்கத்திற் கிடையாத ஆர்க்கிமிடீசின் நூலொன்று அச்சுரண்டலுக்குத் தப்பியே உலகை அடைந்தது. பயனற்றது எனத் தீர்ப்பவர் தம்முடைய காலத்தின் பயனையே அறிவார். வருங்காலத்தின் பயனை அவர் எங்ஙனம் அறிதல் கூடும்?

இனி மூன்றாவது காலப் பகுதிக்கு வருவோம். 2003ஆம் ஆண்டிலே வால்வ் நிறுவனம் ஸ்டீம் என்னும் சேவையைத் தொடங்கியது. விளையாட்டுக்களை இணைய வழியே விற்கும் முறை அதன்பின் விரைந்து பரவியது. வட்டும் பெட்டியும் தேவையற்றனவாயின. வாங்கியவர் கணினியில் இடமில்லையேல் விளையாட்டை நீக்கிவிட்டு, வேண்டும்போது மறுபடியும் இறக்கிக்கொள்ளலாம். அலுமாரியின் இடத்தை நிறுவனத்தின் களஞ்சியம் பெற்றது. நீக்குதல் துன்பமற்ற செயலாயிற்று எனப் பலர் எண்ணினர்.

அவ்வெண்ணம் முற்றும் சரியன்று என்பதைப் பி.ரி. என்னும் சிறு விளையாட்டு காட்டியது. ஹிடியோ கொஜிமாவும் திரைப்பட இயக்குநர் கில்லர்மோ டெல் டோரோவும் ஈடுபட்ட பெரிய ஆக்கமொன்றுக்கு முன்னோட்டமாக, 2014ஆம் ஆண்டு ஓகஸ்ற் மாதத்திலே கொனாமி நிறுவனம் அதனைப் பிளேஸ்ரேசன் 4 பொறிக்கு இலவசமாக வழங்கியது. பெரிய ஆக்கம் கைவிடப்பட்டது. 2015ஆம் ஆண்டு ஏப்பிரல் மாத இறுதியிலே முன்னோட்டமும் களஞ்சியத்திலிருந்து அகற்றப்பட்டது. தம்முடைய பொறியில் அதனை வைத்திருந்தோர் தொடர்ந்து ஆடினர். இடத்துக்காக நீக்கியிருந்தோர், மறுபடி இறக்க முயன்றபோது கதவு அடைத்திருக்கக் கண்டனர். விளையாட்டு நீக்கப்படாத பொறிகள் மிகுந்த விலைக்கு விற்பனைக்கு வரலாயின. இரண்டு மூன்று நிழற்படத் தொகுப்புக்களுக்கு வேண்டிய இடத்தைப் பெறுதற்கு எவரோ நீக்கிய பொருள், விலை கொடுத்தும் முறைப்படி பெறவியலாத பொருளாயிற்று.

இத்தகைய இழப்பு ஒன்றிரண்டு விளையாட்டுக்களோடு நின்றுவிடவில்லை. அமெரிக்காவிலே வீடியோ விளையாட்டு வரலாற்று மன்றம் 2023ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆய்வின்படி, 2010ஆம் ஆண்டுக்கு முன்னர் அந்நாட்டில் வெளிவந்த விளையாட்டுக்களுள் நூற்றுக்கு 87 இன்று விற்பனையில் இல்லை. நூலகங்கள் தாம் காத்துவைத்த விளையாட்டுக்களை ஆராய்ச்சியாளர்க்குத் தொலைவிலிருந்தே வழங்க இசைவு வேண்டும் என்று கோரியபோது, அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகம் 2024ஆம் ஆண்டில் அதற்கு இணங்கவில்லை. நூலுக்கு நூலகம் உண்டு. ஏட்டுக்குச் சுவடிச்சாலை உண்டு. விளையாட்டுக்கோ பெரும்பாலும் அதனை ஆடியவருடைய பழைய கணினியே சாலையாயிருக்கின்றது.

அங்ஙனமாயின் எதனையும் நீக்காதிருத்தல் வேண்டுமோ எனின், அதுவும் இயலாது. இக்கால விளையாட்டுக்களின் பருமை அத்தகையது. 2014ஆம் ஆண்டில் வெளிவந்த டைற்றன்போல், தனியாட் கணினியிலே 48 கிகாபைற்று இடங் கொண்டது. அதிலே 35 கிகாபைற்று ஒலிப்பதிவுக்கே உரியது. ஆற்றல் குறைந்த கணினிகள் ஒலியைச் சுருக்கத்திலிருந்து விரித்தெடுக்கும் பணியாற் களைத்துவிடும் எனக் கருதி, ஆக்கியோர் அதனைச் சுருக்காமலே வழங்கினர். 2019ஆம் ஆண்டில் வெளிவந்த கோல் ஒப் டியூற்றி: மொடேர்ன் வோர்பெயர், அடுத்த ஆண்டிலே 200 கிகாபைற்றைக் கடந்தது. அதனால், விளையாட்டை முழுவதும் நீக்காது வேண்டாத பகுதிகளை மாத்திரம் தனித்தனியே நீக்கும் வசதியை ஆக்கியோரே தர நேர்ந்தது.

பருமைக்கெல்லாம் தேவையே காரணம் என்று கொள்ளுதலும் தவறு. 2024ஆம் ஆண்டில் வெளிவந்த ஹெல்டைவர்ஸ் 2 தனியாட் கணினியில் 154 கிகாபைற்று வரை வளர்ந்தது. சுழலும் தட்டிலே, படிக்கும் ஊசி தட்டின் ஒரு பகுதியிலிருந்து மற்றொரு பகுதிக்கு ஓடி அலைவதால் நேரம் வீணாகும். அதனைத் தவிர்க்க, ஒரே தரவைப் பல இடங்களிலே திரும்பத் திரும்ப எழுதி வைத்திருந்தனர். அவ்வாறு செய்யாவிடின் ஆட்டம் தொடங்க நெடுநேரம் செல்லும் என்று மதிப்பிட்டிருந்தனர். 2025ஆம் ஆண்டு டிசெம்பர் மாதத்திலே, இரட்டித்த தரவை நீக்கி ஏறக்குறைய 23 கிகாபைற்றுக்குள் அதனை அடக்கிய பதிப்பை வெளியிட்டனர். சோதித்துப் பார்த்தபோது, பழைய தட்டுக்களிலுங் கூடத் தாமதம் சில நொடிகளுக்கு மேற்படவில்லை. ஆராயாது கொண்ட ஓர் ஊகத்தின் பொருட்டு, ஆடுவோர் ஒவ்வொருவரும் 130 கிகாபைற்று இடத்தை இழந்திருந்தனர். அவ்விடத்தைப் பெற வேறு எத்தனை பொருள்களை நீக்கினரோ!

இவ்வரலாறு முழுவதையும் ஒருங்கு நோக்குமிடத்து ஓர் உண்மை புலனாகின்றது. இடத்தின் விலை இவ்வரலாற்றுக் காலத்திலே பெரிதும் வீழ்ந்திருக்கின்றது. ஒரு தொன் நிறையுள்ள பொறி கொண்டதைப்போல் பல்லாயிரம் மடங்கு, இன்று விரல்நுனியிலே தங்கும் சில்லொன்று கொள்கின்றது. ஆனால் நீக்கப்பட்ட பொருளின் விலை அவ்வாறு வீழ்வதில்லை. ஒன்றே எஞ்சியிருந்த பிரதி அழிந்தபின், எவ்வளவு இடம் கிடைத்தாலும் அதில் வைப்பதற்கு அப்பொருள் இல்லை.

ஆதலின் விளையாட்டை நீக்க முற்படுவோர் மூன்று வினாக்களைத் தமக்குள்ளே வினாவிக் கொள்ளுதல் தக்கது. இதனை மறுபடியும் பெற வழி உண்டோ, அவ்வழி யாருடைய கையில் இருக்கின்றது என்பது முதலாவது. ஆடியவர் சேர்த்துவைத்த ஆட்டப் பதிவுகள் எங்கே கிடக்கின்றன, விளையாட்டோடு அவையும் அழியுமோ என்பது இரண்டாவது. விளையாட்டு மறுபடி கிடைத்தாலும், ஒரு சிறுவன் பல மாதம் முயன்று எய்திய நிலை மறுபடி கிடையாது. வேறொரு தட்டிலே பிரதி ஒன்று எடுத்துவைத்தல் கூடுமோ என்பது மூன்றாவது. இவ்வினாக்களுக்கு விடை கண்டபின் நீக்குதல் குற்றமாகாது. அது தாள் நாடாவைப் பேழையில் வைத்தலையே ஒக்கும்.

கென்ரக்கிக் குகையின் இருளைத் தம் பிள்ளைகளுக்குச் சொற்களாற் காட்ட விரும்பிய தந்தை, தாம் எழுதியது வரலாற்றுக்கு உரியதாகும் என்று நினைத்திருக்க மாட்டார். அதனைக் காத்துவைத்த பிரதியும் புகழை நாடியதன்று. ஆயினும் அப்பிரதி ஒன்று இருந்தமையால், முப்பது ஆண்டுகளின் பின்னர் அவருடைய உழைப்பு அவருக்கே உரியதாயிற்று. இடத்தை விடுவிக்க விரும்புவோர், விடுவிப்பதற்கு முன்னர் ஒரு பிரதியை எடுத்துவைப்பாராக.